ஏலத்தோட்டத்தில் தொலைந்த எடைச் சீட்டு: நிஜத்தோடு புனைவைக் கலந்து ஒரு குறும்படம் எடுத்த விவரம்

தேனி மாவட்டத்துக் கம்பம் ஊரில் விடியுமுன் ஜீப் ஏறி, கம்பம்மெட்டு மலைப்பாதை வழியாகக் கேரளத்தின் இடுக்கி மாவட்டத்து ஏலத்தோட்டங்களுக்குப் போய், பொழுது சாயத் திரும்பும் பெண்களின் ஒரு நாள். இதுதான் படம். ஓட்டம் 18 நிமிடம். செப்டம்பரில் 9 நாள் படப்பிடிப்பு. பதிவானது 14 மணி நேரம். திரையில் வருகிற எல்லோரும் அதே வேலையைச் செய்கிறவர்கள்; நடிகர் ஒருவரும் இல்லை. ஜீப், தோட்டம், காய் உலர்த்தும் ஸ்டோர், தொழிலாளர் குடியிருப்பான லயம், கணக்கு நோட்டு எல்லாம் உள்ளது உள்ளபடி. அதற்குள் நாங்களாகக் கொண்டுபோய் வைத்தது ஒன்றுதான்: பறித்த காயின் எடையை எழுதித் தரும் சீட்டு ஒரு பெண்ணிடமிருந்து தொலைந்துபோகிறது.

ஆவணப்படமும் கதைப்படமும் கலந்த வடிவத்தில் இறங்குகிறவர்கள் பெரும்பாலும் பாதிக்குப் பாதி என்று கணக்குப் போடுகிறார்கள். அது வேலைக்கு ஆகாது என்பது எங்கள் கருத்து. கற்பனை ஒரு கைப்பிடிக்குள் அடங்க வேண்டும். மற்றதெல்லாம் அந்த மனிதர்களின் வேலை நேரத்துக்குக் கட்டுப்பட்டு நடக்க வேண்டும். கற்பனை பெருத்தால், வேலை செய்கிற பெண்கள் நம் கதைக்காகக் காத்து நிற்பார்கள். காத்து நிற்கிற உடம்பை கேமரா உடனே காட்டிக்கொடுக்கும்.

எதைக் கற்பனையாக வைப்பது

முதலில் யோசித்தது ஜீப் கவிழ்வது. மலைப்பாதையில் அப்படி நடந்து ஆளைப் பறிகொடுத்த குடும்பங்கள் இந்தப் பக்கத்தில் இருப்பதால் அதை அப்போதே விட்டோம். இரண்டாவது, சூப்பர்வைசரோடு வாக்குவாதம். காட்சியாக நன்றாக வரும். ஆனால் படம் முடிந்து திங்கட்கிழமை அதே பெண் அதே தோட்டத்துக்கு வேலைக்குப் போக வேண்டும். நம் கற்பனை அவர் கூலியில் கைவைக்கலாம் என்றால் அது வேண்டாம்.

எடைச் சீட்டுக்கு வந்தது மூன்று காரணங்களால். அது உள்ளங்கைக்குள் அடங்குகிற பொருள். அது தொலைவது பலருக்கும் நடந்ததுதான். பேசிய 11 பேரில் 4 பேர் தாமாகவே சொன்னார்கள். தொலைந்தாலும் யார் மீதும் பழி விழாது. இந்தத் தோட்டத்தில் மாலையில் ஆளுக்கு ஆள் பச்சைக் காயை எடைபோட்டு, நோட்டில் ஒரு வரியும் கையில் ஒரு துண்டும் தருகிறார்கள். வாரக் கணக்கு பார்க்கும்போது துண்டையும் நோட்டையும் ஒத்துப் பார்ப்பது வழக்கம். ஆக, துண்டு தொலைந்தால் கூலி போய்விடாது. மனதில் ஒரு கலக்கம் மட்டும் இருக்கும். அந்த அளவு கலக்கம்தான் 18 நிமிடத்துக்குத் தேவை.

சீட்டைச் செய்வதிலேயே இரண்டு நாள் போனது. 40 பக்க நோட்டுத் தாளை நாலாகக் கிழித்து, டீத்தண்ணீரில் நனைத்துப் பழசாக்கியது முதல் முயற்சி. பார்த்ததும் பொய் என்று தெரிந்தது. டீ தாள் முழுக்க ஒரே மாதிரிக் கறையைத் தரும். நிஜச் சீட்டில் அழுக்கு மடிப்புக் கோட்டில்தான் சேரும். நடுவில் தாள் வெளுப்பாகவே இருக்கும். ஓரம் வியர்வையில் மெத்தென்று பஞ்சு மாதிரி ஆகியிருக்கும். அதனால் எடை எழுதுகிறவரையே, அவர் பேனாவிலேயே, ஒரே எண்ணில் 6 துண்டு எழுதச் சொன்னோம். ஆறையும் இரண்டாக மடித்து, ஆறு பெண்களின் சுருக்குப்பைக்குள் 4 நாள் இருக்கவிட்டோம். வெற்றிலை, சில்லறை, வியர்வை எல்லாம் சேர்ந்து அவையாகவே பழசாயின. எண் 14.600, அதாவது 14 கிலோ 600 கிராம். ஆறு துண்டு எதற்கென்றால், ஈர இலையில் ஒரு தடவை விழுந்ததும் பந்துமுனைப் பேனா மை பரவாவிட்டாலும் தாள் கிழிந்துவிடும். படப்பிடிப்பில் 4 துண்டு வீணாயின.

மூன்று குறியீடு

ஒவ்வொரு ஷாட்டுக்கும் அன்றிரவே ஒரு குறி. ‘கி’ என்றால் கிடைத்தது: நாங்கள் ஒன்றும் சொல்லாமல் நடந்தது. ‘கே’ என்றால் கேட்டு வாங்கியது: அவர்கள் எப்படியும் செய்யப்போகிற வேலைதான், “அக்கா, அந்த மேட்டை இன்னொரு தரம் ஏறுங்களேன்” என்று சொல்லி எடுத்தது. ‘க’ என்றால் கட்டியது: சீட்டு தொலைவது, தேடுவது, அதைப் பற்றிப் பேசுவது. கோப்பின் பெயரிலேயே தேதி, ஷாட் எண், குறி மூன்றும் இருக்கும். எடிட் டைம்லைனில் கி பச்சை, கே மஞ்சள், க சிவப்பு.

இரவே எழுத வேண்டும் என்பதை அழுத்திச் சொல்கிறோம். பத்து நாள் கழித்துப் பார்த்தால் ‘கே’ எல்லாம் ‘கி’ மாதிரியே தோன்றும். எடுத்தவருக்கே நினைவு மாறிப்போகும். ஆவணப்படம் என்ற பெயரில் வருகிறவற்றில் ‘கே’ ஷாட்டுகள் ஏராளம். அவற்றைப் பற்றி யாரும் பேசுவதில்லை. அது தவறான செயல் என்று நாங்கள் நினைக்கவில்லை. எண்ணி வைக்காமல் விடுவதுதான் தவறு.

ஜீப்புக்குள்

படத்தின் முதல் 4 நிமிடம் ஜீப். இருட்டில் கம்பத்திலிருந்து கிளம்பி, மெட்டு ஏறும்போது வெளிச்சம் வருகிறது. இந்தப் பக்கம் சூரியன் எழுமுன் பயன்படுகிற நீல வெளிச்சம் சுமார் 20 நிமிடம்தான். ஒரு நாளைக்கு ஒரே வாய்ப்பு. ஜீப் காட்சிக்கு மட்டும் 3 விடியற்காலை ஆனது அதனால்தான்.

ஜீப்பின் பின்பக்கத் தார்ப்பாயைக் கழற்றினால் வெளிச்சம் தாராளமாக வரும். கழற்றவில்லை. ஆர்க்டிக் பகுதி இன்யூட் குடும்பத்தைப் பற்றி 1922-இல் வெளிவந்த ‘நானூக்’ படத்துக்காக அமெரிக்க இயக்குநர் ராபர்ட் ஃபிளாஹெர்ட்டி பனிவீட்டுக்குள் படம்பிடிக்க முயன்றபோது கேமராவுக்கு வெளிச்சமும் இடமும் போதவில்லை. பாதி சுவரை வெட்டித் திறந்துவிட்ட பெரிய பனிவீட்டைக் கட்டித்தான் அந்தக் காட்சிகளை எடுத்தார். அதற்குள் தூங்கி எழுவதாக வருகிறவர்கள் திறந்த குளிரில் கிடந்தார்கள். அன்றைய ஃபிலிமுக்கு வேறு வழியில்லை. இன்றைய சென்சார், ஒளியுணர்வை ஐஎஸ்ஓ 3200 வரை ஏற்றினாலும், முகத்தைக் காட்டும். தார்ப்பாயைக் கழற்றினால் உள்ளே இருப்பவர்கள் குளிரில் முக்காட்டை இழுத்துப் போர்த்துவார்கள், பேச்சு நின்றுபோகும். வெளிச்சம் கிடைக்கும், காட்சி போய்விடும்.

மாற்றாக 12 வோல்ட் எல்இடி பட்டை, வெதுவெதுப்பான நிறம், 2 மீட்டர். மீட்டருக்கு 4.8 வாட் என்றால் 0.4 ஆம்பியர்; இரண்டு மீட்டருக்கு 0.8. 7 ஆம்பியர்-மணி பேட்டரி கணக்குப்படி 8 மணி நேரத்துக்கு மேல் வரும். நடைமுறையில் 6 என்று வைத்துக்கொண்டால் ஏமாற்றம் இல்லை. ஜீப் பேட்டரியிலிருந்து எடுக்காதீர்கள்; இஞ்சின் ஏறி இறங்கும்போது வெளிச்சமும் கூடிக் குறையும். பட்டையைக் கூரைக் கம்பியின் மேல்பக்கம் ஒட்டி, தார்ப்பாயில் பட்டுத் திரும்புகிற வெளிச்சம் மட்டும் முகத்தில் விழும்படி வைத்தோம்.

இங்கே ஒரு பிழை நடந்தது. வெளிச்சத்தைக் குறைக்க, கடையில் கிடைக்கிற சாதாரண டிம்மரைப் போட்டோம். அது மின்சாரத்தை வேகமாக விட்டுவிட்டு அனுப்பித்தான் வெளிச்சத்தைக் குறைக்கிறது. கண்ணுக்குத் தெரியாது, கேமராவில் குறுக்குக் கோடுகளாக ஓடும். முதல் விடியற்காலை முழுக்க வீண். அடுத்த நாள் டிம்மரைத் தூக்கிப்போட்டு, பட்டையின் நீளத்தை 1.2 மீட்டராகக் குறைத்து, மேலே ஒரு அடுக்கு வெள்ளைத் துணி சுற்றினோம். பிரச்சினை தீர்ந்தது. டியூப் லைட் எரிகிற இடங்களுக்காக நொடிக்கு 25 பிரேம், ஷட்டர் 1/50 என்று கடைசிவரை மாற்றாமல் வைத்திருந்தோம். நம் ஊர் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ் என்பதால் இந்த இரண்டும் ஒத்துப்போகும்.

கேமராவை ஜீப்பில் கம்பி போட்டு இறுக்கினால் படம் பாகு மாதிரி நெளியும். படத்தை வரிவரியாகப் பதிகிற ரோலிங் ஷட்டருக்கு டீசல் இஞ்சின் அதிர்வு ஆகாது. மடியில் 3 கிலோ அரிசி போட்ட துணிப்பை, அதன் மேல் கேமரா, அதன் மேல் கை. எடுக்கிறவரின் உடம்பே அதிர்வை வாங்கிக்கொள்ளும். ஜீப்பில் எங்கள் ஆட்கள் இரண்டு பேர் மட்டும். இரண்டு இருக்கைக்கும் வாடகை கொடுத்தோம், அந்த இரண்டு பெண்களுக்கு வேறு ஜீப் ஏற்பாடு. உள்ளே எத்தனை பேர் என்று எண்ணக்கூடிய ஷாட்டும், நம்பர் பிளேட்டும் படத்தில் இல்லை. ஓட்டுநருக்கு அபராதம் வாங்கிக்கொடுக்கும் படமாக இது ஆகக் கூடாது.

சத்தம் இன்னும் கடினம். மேடேறும் ஜீப்புக்குள், நீளக் கம்பில் பிடிக்கிற பூம் மைக் பயனற்றது. உடையில் பொருத்துகிற சிறு லேப்பல் மைக்கை நெஞ்செலும்பின் நடுவில், ரவிக்கைக்கு உள்பக்கம், மருந்துக்கடையில் கிடைக்கிற காகித நாடாவால் ஒட்டினால் பேச்சு தெளிவாக வரும். சேலை உரசலும் குறையும். ஒட்டுவதும் கழற்றுவதும் பெண் உதவியாளர்தான். ஒயர்லெஸ் வேண்டாம், மைக்கோடு சேர்ந்த சிறு ரெக்கார்டர் போதும். 48 கிலோஹெர்ட்ஸ், 32 பிட் ஃப்ளோட் என்றால் ஒரு சேனலுக்கு மணிக்கு 0.7 ஜிபி. ஒருவர் கத்தினாலும் ஒலி உடையாது.

ஜீப்பில் பதிவான பேச்சில் மூன்றில் ஒரு பங்கு கியர் மாற்றும் சத்தத்தில் போய்விட்டது. அதே பேச்சை வண்டியை நிறுத்தி, இஞ்சினை அணைத்து, அதே இருக்கைகளில் உட்காரவைத்து மறுபடி பேசச் சொன்னோம். தொண்டை தாழ்ந்துவிட்டது, வீட்டுத் திண்ணையில் பேசுகிற குரல். இஞ்சின் ஒலியைக் கீழே சேர்த்தாலும் ஒட்டவில்லை. சுற்றி இரைச்சல் இருந்தால் மனிதர்கள் தம்மை அறியாமல் குரலை உயர்த்துவார்கள், சொற்களை நீட்டுவார்கள். பிரெஞ்சு மருத்துவர் எத்தியன் லொம்பார் பெயரால் அழைக்கப்படும் விளைவு அது. ஆகவே முந்தைய நாள் பதிவு செய்த இஞ்சின் சத்தத்தை அவர்களின் ஒரு காதில் மட்டும் இயர்போன் வைத்துக் கேட்கவிட்டோம். குரல் தானாக ஏறியது. மறுகாது திறந்திருப்பதால் ஒருவர் பேசுவது மற்றவருக்குக் கேட்கும். முந்தானை இருப்பதால் இயர்போன் கேமராவுக்குத் தெரியாது. இந்த ஷாட்டுகள் ‘கே’ கணக்கில் சேரும்.

தோட்டத்தில்

முன்னேற்பாடு சுருக்கமாக. தோட்ட உரிமையாளரிடம் எழுத்தில் அனுமதி. பூச்சிமருந்து அடிக்கும் நாட்களின் அட்டவணையைச் சூப்பர்வைசரிடம் வாங்கி, அடித்த பகுதிக்குள் போகாமல் இருப்பது. ரத்தம் உறிஞ்சும் அட்டைக்கு உப்புப் பொட்டலம்; கேமராப் பையைத் தரையில் வைக்காமல் மரக்கிளையில் தொங்கவிடுவது. ட்ரோன் எடுத்துப்போகவில்லை, மேலிருந்து பார்த்தால் நிழல்மரம்தான் தெரியும், ஏலம் தெரியாது.

ஏலச்செடி ஆளுயரத்துக்கு மேல் வளரும். ஆனால் காய் மேலே இல்லை. அடித்தூரிலிருந்து கிளம்பித் தரையோடு படரும் சரத்தில் இருக்கிறது. எடுக்கிறவர் குனிந்தோ குத்தவைத்தோதான் நாள் முழுக்க வேலை செய்ய வேண்டும். நின்ற உயரத்திலிருந்து எடுத்தால் முதுகுகள்தான் கிடைக்கும். எங்கள் கேமரா தரையிலிருந்து ஒரு அடி. அந்த உயரத்தில் வேறொரு உலகம் திறக்கிறது: ஈரச் சருகு, வெள்ளை இதழில் ஊதாக் கோடு ஓடும் பூ, அதன் பக்கத்திலேயே காய். விரல் சரத்தைத் தொட்டு நகர்கிறது. பிஞ்சைத் தாண்டுகிறது, பறிக்கிற பக்குவத்துக்கு வந்த கரிங்காயில் நிற்கிறது, கட்டைவிரல் நகம் காம்பில் அழுந்துகிறது, காய் உள்ளங்கைக்குள் விழுகிறது. விதை உள்ளே கறுத்ததா என்பதை விரல் எப்படி அறிகிறது என்று கேட்டால், “நெறத்தப் பாத்தாத் தெரியும் தம்பி, பெறகு கைக்கே தெரியும்” என்றார் ஒருவர். 40 நொடி ஓடும் இந்த ஷாட்டை வெட்டவில்லை.

நிறம்தான் இங்கே பெரிய தலைவலி. நிழல்மரமும் இலையும் சேர்ந்து முகத்தில் பச்சையை அடிக்கும். வெள்ளையை வெள்ளையாகக் காட்ட கேமரா தானாகச் செய்யும் வைட் பேலன்ஸை நம்பினால் ஷாட்டுக்கு ஷாட் தோல் நிறம் மாறும். சாம்பல் நிற அட்டையை முகம் இருக்கும் இடத்திலேயே, அதே கோணத்தில் பிடித்து அளவெடுக்க வேண்டும். பாதையில் நின்று அளந்தால் தப்பு. அதோடு 4 முழ வெள்ளை வேட்டியை மடிக்காமல் இரண்டு செடிகளுக்கிடையே, கேமராவின் பக்கவாட்டில் கட்டிவிட்டோம். இலையிலிருந்து வரும் பச்சை ஒளிக்குப் பதில் வேட்டியிலிருந்து வரும் வெள்ளை ஒளி கன்னத்தில் விழும். தெர்மகோல் பலகை இதைவிடப் பளிச்சென்று அடிக்கும், கண் கூசும், வேலை செய்கிறவர் திரும்பிப் பார்ப்பார். வேட்டி மங்கலாக இருப்பதே நல்லது. காய்கிற துணி என்று யாரும் அதைக் கவனிப்பதில்லை.

விடியற்காலை மெட்டில் குளிர்ந்த கேமராவை ஆட்கள் நெருக்கமாக இருக்கும் ஜீப்புக்குள்ளோ, ஸ்டோருக்குள்ளோ கொண்டுபோனால் லென்ஸ் மூடிக்கொள்ளும். காய் உலர்த்தும் ஸ்டோரில் வெப்பம் 45 முதல் 55 டிகிரி வரை இருக்கும். பச்சைக் காயிலிருந்து வெளியேறும் ஈரம் வேறு. கேமராவைக் காற்றுப்புகாத பிளாஸ்டிக் பையில் போட்டு ஸ்டோருக்குள் 30 நிமிடம் வைத்து, கண்ணாடி சூடேறிய பிறகு பையைத் திறந்தால் பனி படியாது. பிறகு 5 நிமிடத்துக்கு மேல் தொடர்ந்து ஓடவிடாதீர்கள். கேமரா சூடேறித் தானாக நிற்கும். எங்களுக்கு ஒரு முறை 11-ஆவது நிமிடத்தில் நின்றது. நல்லவேளை, கோப்பு கெடவில்லை.

தேடும் காட்சி

கட்டிய காட்சிகளில் இதுவே மையம். வசனம் எழுதவில்லை. “கவலையாகத் தேடுங்கள்” என்றும் சொல்லவில்லை. தொழில்முறை நடிகரல்லாத ஒருவரிடம் உணர்ச்சியைக் கேட்டால் சினிமாவில் பார்த்த உணர்ச்சிதான் வரும். வேலையைக் கேட்க வேண்டும். சீட்டை நிஜமாகவே ஒளித்து வைத்தோம். அது எங்கே என்று ஒரே ஒரு உதவியாளருக்கு மட்டும் தெரியும். கேமராக்காரருக்குக் கூடத் தெரியாது. இது படத்துக்காக என்று, சீட்டைத் தொலைப்பவராக வரும் அக்காவுக்குத் தெரியும். சீட்டு எங்கே என்பது தெரியாது. அவ்வளவுதான் ஏற்பாடு.

முதல் டேக் 6 நிமிடம் ஓடியது. சுருக்குப்பையைக் கவிழ்த்தார். மேலே போட்டிருந்த ஆண் சட்டையின் பையைத் துழாவினார். இடுப்பில் கட்டிய உரச்சாக்கை அவிழ்த்து உதறினார். நாலு காய் உருண்டன. அந்த நாலையும் பொறுக்கிப் பைக்குள் போட்ட பிறகுதான் மறுபடி தேடினார். யாராலும் எழுத முடியாத இடம் அது. “ஏ மதினி, எந்துண்ட கண்டியா?” என்று பக்கத்துப் பாத்திக்குக் குரல் கொடுத்ததும் அவராகச் செய்ததே. பக்கத்திலிருந்து வந்த பதில் மட்டும் கொஞ்சம் முன்கூட்டிப் பேசிவைத்தது.

இரண்டாவது டேக்கில் வேறு இடத்தில் ஒளித்தோம். முதல் தடவையின் களைப்பு சேர்ந்து தேடல் மெதுவானது. மூன்றாவதில் எங்கள் முகத்தைப் பார்க்க ஆரம்பித்தார், நாங்கள் எந்தப் பக்கம் பார்க்கிறோம் என்று. அத்தோடு நிறுத்தினோம். மூன்றுக்கு மேல் போவதில் பயனில்லை. படத்தில் இருப்பது முதல் டேக்கின் 70 நொடியும் இரண்டாவதின் 20 நொடியும். கட்டிய காட்சி எடுத்த 2 நாளுக்கும் பங்கேற்ற எல்லோருக்கும் முழு நாள் கூலி கொடுத்தோம், எடுத்தது அரை நாள்தான் என்றாலும். ‘கி’ ஷாட்டுக்குக் கூலி தரவில்லை. அங்கே அவர்கள் வேலை கெடவில்லை, எங்களுக்காக எதுவும் செய்யவுமில்லை.

பேச்சு மொழியைத் தொடவே இல்லை. பெண்களுக்குள் தேனிப் பக்கத்துத் தமிழ், சூப்பர்வைசரோடு பாதி மலையாளம், எண் சொல்லும்போது மட்டும் எல்லோரும் தமிழ். எடை கூப்பிடுகிறவர் மலையாளி. “பதினாலு அறுநூறு” என்று சொல்வது இரண்டு மொழிக்காரருக்கும் புரிகிறது. மலையாளம் வரும் இடங்களில் மட்டும் கீழே தமிழ் எழுத்து, ஒரு வரிக்கு 30 எழுத்துக்குள், குறைந்தது ஒன்றரை நொடி.

எடிட்டில் தெரிந்த ஓட்டை

4கே-யில் 100 மெகாபிட் வேகம் என்றால் மணிக்கு 45 ஜிபி. 14 மணி நேரத்துக்கு 630. ஒரு டிபி டிஸ்க் இரண்டு, இரண்டும் வெவ்வேறு வீட்டில். இது சுலபமான பகுதி.

கடினம் வேறு இடத்தில் வந்தது. முதல் வெட்டில் ஒரு வரிசை: சீட்டைக் காணோம் என்று அக்கா சொல்கிறார், வெட்டு, பக்கத்தில் இன்னொரு பெண் வாயில் முந்தானையை வைத்துச் சிரிக்கிறார், வெட்டு, அக்கா குனிந்து தேடுகிறார். அருமையாக ஓடியது. சிரிப்பு ‘கி’, பச்சை. நான்கு நாளுக்கு முன்பு ஜீப்பை விட்டு இறங்கியபோது ஏதோ குடும்பப் பேச்சுக்குச் சிரித்தது. தேடல் ‘க’, சிவப்பு. டைம்லைனில் எல்லாம் ஒழுங்காகக் குறித்திருந்தது. ஆனாலும் அந்த வரிசை ஒரு பெண்ணைப் பொல்லாதவளாக்கிவிட்டது. அவர் தோழியின் கஷ்டத்தைப் பார்த்துச் சிரிக்கிறார் என்றுதான் யாரும் படிப்பார்கள்.

ஒரே முகத்தை வேறு வேறு ஷாட்டுகளோடு ஒட்டினால் வேறு வேறு பொருள் வரும் என்பது ரஷ்யத் திரைப்பட இயக்குநர் லெவ் குலெஷோவ் காலத்திலிருந்து எல்லா எடிட்டருக்கும் தெரியும். கதைப்படத்தில் அது கருவி. நிஜ மனிதரின் நிஜ முகத்தில் அதைச் செய்தால், கேமரா முன் அவர் ஒத்துக்கொள்ளாத ஒரு வேடத்தை எடிட் மேசையில் அவருக்குப் போட்டுவிடுகிறோம். எங்கள் மூன்று குறியும் படப்பிடிப்பைத்தான் காவல் காத்தன. புனைவின் பெரும்பகுதி நுழைந்தது எடிட் என்ற பின்வாசல் வழியாக.

நாலாவது குறி அப்போது சேர்ந்தது: ‘மா’, மாற்றி வைத்தது. நடந்த நேரத்திலிருந்தோ காரணத்திலிருந்தோ பிரித்து வேறு பொருளில் வைக்கப்பட்ட எந்த ஷாட்டும் ‘மா’. நிறம் ஊதா. டைம்லைன் முழுவதையும் முதலிலிருந்து சோதித்தோம். இதற்கே 3 நாள். கேள்வி ஒன்றுதான்: இந்த முகம் எதைப் பார்த்து அப்படி ஆனது, படத்தில் எதைப் பார்ப்பதாகத் தெரிகிறது? இரண்டும் வேறென்றால் ஊதா. பச்சை என்று நம்பியிருந்தவற்றில் 23 ஷாட் ஊதாவாயின. அதில் யாருடைய குணத்தையாவது மாற்றிக் காட்டிய 9 ஷாட்டை எடுத்துவிட்டோம், அந்தச் சிரிப்பு உட்பட. மேகம், பாதை, அடுப்பு, ஜீப் சக்கரம் போன்ற 14 ஷாட் இருக்கலாம் என்று விட்டோம். மனிதர் மேல் ஒன்றும் ஏற்றவில்லை என்பதால். கடைசிக் கணக்கு: மொத்தம் 164 ஷாட். கி 97, கே 31, க 22, மா 14.

சிரிப்பு போன பிறகு அந்த இடம் மந்தமானது உண்மை. அங்கே எதையும் செருகாமல், நாலு காய் உருளும் ஷாட்டை 5 நொடி நீட்டினோம்.

திரும்பக் கொண்டுபோய்க் காட்டுவது

பிரெஞ்சு ஆவணப்பட இயக்குநர் ழான் ரூஷ் 1950-களில் மேற்கு ஆப்பிரிக்காவின் நைஜர் ஆற்றில் நீர்யானை வேட்டையைப் படமெடுத்து, வேட்டைக்காரர்களுக்கே போட்டுக் காட்டினார். வேட்டை நேரத்தில் அவர் சேர்த்திருந்த இசையை அவர்கள் ஏற்கவில்லை. சத்தம் கேட்டால் நீர்யானை ஓடிவிடுமே என்றார்கள். ரூஷ் இசையை எடுத்தார். படத்தில் இருப்பவர்கள்தான் படத்தின் முதல் திருத்துநர்கள் என்பதற்கு இதைவிட நல்ல பாடம் கிடையாது.

கம்பத்தில் ஒரு வீட்டுச் சுண்ணாம்புச் சுவரில், ஞாயிறு இரவு, சின்ன புரொஜெக்டரில் போட்டோம். வேலைநாளில் வைக்காதீர்கள், மறுநாள் 4 மணிக்கு எழ வேண்டியவர்கள். ஒரு முறை நிறுத்தாமல் முழுதும், இரண்டாம் முறை யார் கைதூக்கினாலும் நிறுத்தி. மூன்று திருத்தம் வந்தது. முதலாவது, நடுப்பகல் காட்சியின் கீழே நாங்கள் சேர்த்திருந்த சீகாரப் பூங்குயிலின் சீழ்க்கை. “அது விடியக்காலம்ல விசிலடிக்கும், இந்த வெயில்ல ஏது?” என்றார் ஒருவர். அந்த ஒலி விடியற்காலை ஜீப் இறங்கும் இடத்தில் பதிவானது, எடிட்டில் நகர்ந்துவிட்டது. ஒலிக்கும் ‘மா’ குறி போட வேண்டும் என்பது எங்களுக்கு அதுவரை தோன்றவில்லை. நல்லவேளையாகக் காலை 7, 11, மதியம் 3, மாலை 5.30 என்று நேரத்துக்கு 3 நிமிடம் சுற்றுப்புற ஒலியைத் தனியாகப் பதிவு செய்திருந்தோம். பூச்சிகளின் இரைச்சல் வெப்பத்துக்கு ஏற்ப மாறும். காலைப் பூச்சியை மாலையில் போட்டால், காரணம் சொல்லத் தெரியாவிட்டாலும் காது உறுத்தும். நாலு கோப்பும் சரியான நேரத்தில் போய் உட்கார்ந்தன. இரண்டாவது, ஒருவர் தன் வீட்டுக் கதவு தெரியும் ஷாட் வேண்டாம் என்றார், போனது. மூன்றாவது, சீட்டு கிடைக்கும் இடம் நம்பும்படி இல்லை என்றார்கள். நாங்கள் அடித்தூரில் கிடப்பதாக வைத்திருந்தோம். “எங்க தொலஞ்சாலும் ரவிக்கையிலதான் இருக்கும்” என்று எல்லோரும் ஒரே குரலாகச் சொன்னார்கள். அடுத்த ஞாயிறு அரை நாளில் அந்த ஒரு ஷாட்டை மறுபடி எடுத்தோம். மிச்சமிருந்த இரண்டு சீட்டில் ஒன்று அதற்குப் பயன்பட்டது.

படத்தின் கடைசி எழுத்து அட்டையின் வாசகத்தை அங்கேயே முடிவு செய்தோம். பெயர்களுக்கு முன்னால், அதே எழுத்து அளவில், 8 நொடி: ‘எடைச் சீட்டு தொலைந்தது கற்பனை. வேலை, கூலி, பாதை, பேச்சு கற்பனை அல்ல.’ சுவரின் முன் உட்கார்ந்திருந்தவர்களில் நாலைந்து பேருக்கு வாசிக்கத் தெரியாது. ஆகவே அதைச் சீட்டைத் தொலைத்த அக்காவே தன் குரலில் சொல்கிறார், ஜீப்பில் இருந்த அதே ரெக்கார்டரில், இஞ்சின் சத்தம் இல்லாமல்.